நாய்க்குத் தண்ணீரே எமன் ஆகலாம்... தொட்டியில் பந்து வீசும்போது உஷார்!

வெயில் மண்டையைப் பிளக்கிறது. வீட்டு நாய் நாக்கைத் தொங்கப் போட்டுக்கொண்டு இரைக்கிறது. "பாவம், வாயில்லா ஜீவன்... கொஞ்ச நேரம் தண்ணியில விட்டா குஷியாகிடும்" என்று பம்புசெட் தொட்டிக்கோ ஏரிக்கோ கூட்டிப் போகிறோம். பந்தை வீசுகிறோம். அது பாய்ந்து போய் கவ்வி வருகிறது. மறுபடியும் வீசுகிறோம். மறுபடியும் பாய்கிறது.

இந்த ஆட்டமே சில நேரம் நாயின் உயிரைக் குடித்துவிடும். தண்ணீரில் மூழ்கி அல்ல! நன்றாக நீந்தி, கரையேறி, உடம்பை உதறிக்கொண்டு வீட்டுக்கு நடந்து வந்த நாய்கூட சில மணி நேரத்தில் செத்துப் போகலாம். காரணம், விளையாட்டு மும்முரத்தில் அது விழுங்கிய தண்ணீர்.

"தண்ணி குடிச்சா நாய் சாகுமா? என்னய்யா கதை விடுறே?" என்று நீங்கள் கேட்கலாம். கதை இல்லை. கால்நடை டாக்டர்கள் இதற்கு 'வாட்டர் இன்டாக்சிகேஷன்' என்று பெயர் வைத்திருக்கிறார்கள். அதாவது, தண்ணீரே விஷமாகிப் போவது. அடிக்கடி வரும் கோளாறு இல்லை. ஆனால் வந்துவிட்டால் டாக்டரிடம் ஓட சில மணி நேரம்தான் கையில் இருக்கும். நாய் வளர்ப்பவர்களில் பலர் இதைக் கேள்விப்பட்டதே இல்லை என்பதுதான் ஆபத்து.

ஞாயிற்றுக்கிழமை ஆட்டம்

இப்படி ஒரு ஞாயிற்றுக்கிழமையை நினைத்துப் பாருங்கள். காலை 10 மணிக்கு அப்பாவும் பையனும் நாயோடு பம்புசெட்டுக்குப் போகிறார்கள். ஒன்றரை மணி நேரம் பந்து விளையாட்டு. நாய்க்கு ஏக சந்தோஷம். பகல் 12 மணிக்கு வீடு திரும்புகிறார்கள். வந்ததும் நாய் திண்ணையில் சுருண்டு படுக்கிறது. வைத்த சோற்றைத் தொடவில்லை.

"என்னங்க, நாய் ஒரு மாதிரியா கிடக்கே?" என்கிறார் வீட்டுக்கார அம்மா.

"ஆட்டம் போட்ட களைப்பு. தூங்கட்டும், விடு" என்கிறார் அப்பா.

ஒரு மணிக்கு வெறும் தண்ணீராக வாந்தி. எழுந்து நடந்தால் குடிகாரன் மாதிரி தள்ளாடுகிறது. "சூடு புடிச்சிருக்கும்... வாயில கொஞ்சம் தண்ணி ஊத்துப்பா" என்கிறார் பாட்டி. பையன் சொம்பு எடுத்து ஊற்றுகிறான். இரண்டு மணிக்கு வலிப்பு!

இந்த வீட்டில் யார் மேலும் தப்பு சொல்ல முடியாது. எல்லோரும் பாசத்தில்தான் செய்தார்கள். ஆனால் 'களைப்பு' என்று நினைத்ததில் ஒரு மணி நேரம் போச்சு. 'சூடு' என்று நினைத்து ஊற்றிய தண்ணீர், எரிகிற தீயில் எண்ணெய் வார்த்த கதையாச்சு.

உடம்புக்குள் என்ன நடக்கிறது?

ரசத்தில் திடீரென்று ரெண்டு சொம்பு தண்ணியைக் கொட்டினால் என்ன ஆகும்? உப்புச் சப்பு இல்லாமல் போய்விடும். போட்ட உப்பு குறையவில்லை. தண்ணி கூடிப்போச்சு. நாயின் ரத்தத்திலும் அதேதான் நடக்கிறது.

ரத்தத்தில் சோடியம் என்கிற உப்புச்சத்து எப்போதும் ஒரு அளவில் இருக்க வேண்டும். ஆஸ்பத்திரி ரிப்போர்ட்டில் நல்ல ஆரோக்கியமான நாய்க்கு இது சுமார் 140 முதல் 155 வரை இருக்கும். கொஞ்சம் தண்ணீர் கூடினால் சிறுநீரகம் அதை மூத்திரமாக வெளியே தள்ளிவிடும். ஆனால் சிறுநீரகத்துக்கும் ஒரு வேகம்தான் உண்டு. அது தள்ளுவதைவிட வேகமாகத் தண்ணீர் உள்ளே வந்தால், ரத்தம் நீர்த்துப் போகும். சோடியம் அளவு சடசடவென்று இறங்கும்.

அப்படி இறங்கும்போது, ரத்தத்தில் உள்ள தண்ணீர் உடம்பின் செல்களுக்குள் புகுகிறது. ராத்திரி ஊறப்போட்ட கொண்டைக்கடலை காலையில் எப்படி உப்பியிருக்கும்? செல்களும் அப்படி உப்புகின்றன. கை கால் சதை உப்பினால் பெரிதாகத் தெரியாது, இடம் இருக்கிறது. மூளைக்கு அந்த வசதி இல்லை. அது மண்டை ஓட்டுக்குள் இருக்கிறது. மூடி இறுக்கின டப்பாவுக்குள் கடலை ஊறினால் எப்படி நெருக்குமோ, அப்படி மூளை நெரிபடும். தள்ளாட்டம், வலிப்பு, மயக்கம் எல்லாம் அதனால்தான். நெருக்கல் முற்றினால் மூச்சு நின்றுவிடும்.

ஒரு லிட்டர் போதும்!

குளம் குளமாகக் குடித்தால்தான் ஆபத்து என்று நினைக்காதீர்கள். ஒரு சின்னக் கணக்கு போட்டுப் பார்க்கலாம்.

10 கிலோ எடையுள்ள ஒரு நாய். அதன் எடையில் சுமார் 60 சதவீதம் தண்ணீர்தான். அதாவது 6 லிட்டர். ரத்தத்தில் சோடியம் 145 இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். விளையாட்டில் அது ஒரு லிட்டர் தண்ணீரை விழுங்கி, அது மூத்திரமாக வெளியேறும் முன்பே உடம்பில் கலந்துவிட்டால்? 6 லிட்டரில் இருந்த உப்பு இப்போது 7 லிட்டரில் பரவுகிறது. 145 என்பது சுமார் 124-க்கு வந்துவிடும். இப்படித் திடீரென்று 125-க்குக் கீழே போவது அபாயக் கட்டம்.

ஒரு வாட்டர் பாட்டில் அளவு தண்ணி! அவ்வளவுதான்.

இதே ஒரு லிட்டரை 30 கிலோ லேப்ரடார் விழுங்கினால் இவ்வளவு இறங்காது. சின்ன நாய்களுக்கு ஆபத்து அதிகம் என்று சொல்வது இதனால்தான். பொமரேனியன், டேஷ் மாதிரி குட்டை நாய் வைத்திருப்பவர்கள் கூடுதல் கவனமாக இருக்க வேண்டும். அதற்காக லேப்ரடாருக்கு ஒன்றும் ஆகாது என்று அர்த்தம் இல்லை. தண்ணீரைக் கண்டால் விடாத ஜாதி அது. பந்தை வீசிக்கொண்டே இருந்தால் அதுவும் நிறுத்தாது.

மனுஷனுக்கும் உண்டு

இது நாய்க்கு மட்டும் வரும் கோளாறு அல்ல. 2007-ம் ஆண்டு ஜனவரியில் அமெரிக்காவின் சேக்ரமென்டோ நகரில் ஒரு வானொலி நிலையம் தண்ணீர் குடிக்கும் போட்டி நடத்தியது. மூத்திரம் போகாமல் அதிகத் தண்ணீர் குடிப்பவருக்கு வீடியோ கேம் பரிசு. போட்டியில் கலந்துகொண்ட 28 வயதுப் பெண், மூன்று குழந்தைகளின் தாய், வீட்டுக்குப் போன சில மணி நேரத்தில் இறந்து போனார். இதே காரணம்தான்.

நம்ம ஊர் தியேட்டர்களில் விசில் பறக்க வைத்த குங்பூ நடிகர் புரூஸ் லீ 1973-ம் ஆண்டு ஜூலை 20-ந்தேதி ஹாங்காங்கில் இறந்தபோது வயது 32. அவருடைய மூளை வீங்கியிருந்தது. அவர் உடம்பில் தண்ணீர் கூடிப்போனதுதான் காரணமாக இருக்கலாம் என்று ஸ்பெயின் நாட்டு சிறுநீரக டாக்டர்கள் 2022-ல் ஒரு கருத்தை வெளியிட்டார்கள். நிரூபிக்கப்பட்டது இல்லை, ஆனால் தண்ணீரால் மூளை வீங்கும் என்பது மருத்துவ உலகம் ஒப்புக்கொண்ட விஷயம்.

மனுஷனுக்காவது 'தலை வலிக்குது, ஒரு மாதிரி இருக்கு' என்று சொல்ல வாய் இருக்கிறது. நாய்க்கு?

எப்படி இவ்வளவு தண்ணி உள்ளே போகுது?

நாய் தாகத்துக்குக் குடிக்கும்போது போதும் என்றால் நிறுத்திவிடும். விளையாடும்போது அப்படி இல்லை. தெரியாமலே உள்ளே போகிறது. முக்கியமாக மூன்று வழிகள்.

முதலாவது, பந்து. வாயில் பந்தைக் கவ்வினால் வாய் திறந்தபடியேதான் இருக்கும். அப்படியே நீந்தி வரும்போது ஒவ்வொரு தடவையும் தண்ணீர் தொண்டைக்குள் போகும். ஒரு தடவைக்கு ஒரு மடக்குதான். ஐம்பது தடவை வீசினால்?

இரண்டாவது, ஓஸ் பைப். செடிக்குத் தண்ணீர் விடும்போதும் வண்டி கழுவும்போதும் சில நாய்கள் ஓடி வந்து பீய்ச்சும் தண்ணீரைக் கடிக்கப் பார்க்கும். பார்க்க வேடிக்கையாக இருக்கும். பிள்ளைகள் கைதட்டிச் சிரிப்பார்கள். ஆனால் வேகமாகப் பீய்ச்சும் தண்ணீர் நேராகத் தொண்டைக்குள் போகிறது. தண்ணீரில் கால் வைக்காத நாய்க்கும் இப்படி ஆபத்து வரும்.

மூன்றாவது, முங்கி எடுப்பது. அடியில் கிடக்கும் கல்லையோ பொம்மையையோ தலையை உள்ளே விட்டு எடுக்கும் பழக்கம் சில நாய்களுக்கு உண்டு. வாயைத் திறந்தால்தானே எடுக்க முடியும்!

இந்த அறிகுறிகள் தெரிந்தால் உஷார்

தண்ணீரில் விளையாடி முடித்த சில மணி நேரத்துக்குள் கீழே சொன்னவற்றில் எது தெரிந்தாலும் அலட்சியம் வேண்டாம்.

* வழக்கத்துக்கு மாறான சோர்வு. கூப்பிட்டால் வால் ஆட்டுவதுகூட இல்லை.
* வாந்தி. பெரும்பாலும் தண்ணீராக வரும்.
* வயிறு உப்பிக் கொள்வது.
* வாயில் எச்சில் ஒழுகுவது.
* நடக்கும்போது தள்ளாட்டம், பின்னங்கால் பின்னுவது.
* ஈறு வெளுத்துப் போவது.
* கண் மங்கலாக, வெறித்த மாதிரி இருப்பது. கண்மணி விரிந்திருப்பது.
* மூச்சு விடத் திணறல், வலிப்பு, மயக்கம்.

முதல் இரண்டு மூன்று அறிகுறியிலேயே கிளம்பிவிட்டால் பிழைக்க வாய்ப்பு அதிகம். வலிப்பு வரும்வரை காத்திருந்தால் கஷ்டம்.

வெறும் களைப்பு என்றால் எப்படித் தெரியும்? களைத்த நாய் படுத்துத் தூங்கும். ஆனால் பெயர் சொல்லிக் கூப்பிட்டால் தலையைத் தூக்கும், எழுந்தால் நேராக நடக்கும். கூப்பிட்டும் தலை தூக்காத, நடந்தால் தள்ளாடும் நாய்க்கு அது களைப்பு அல்ல.

"வெறி புடிச்சிருச்சு" என்று அடிக்காதீங்க

எச்சில் ஒழுகுது, தள்ளாடுது, வெறித்துப் பார்க்குது. இதைத் தெருவில் யாராவது பார்த்தால் என்ன சொல்வார்கள்? "அய்யய்யோ... வெறி நாய்!" அடுத்த நிமிஷம் கையில் கட்டை இருக்கும். தண்ணீரால் தவிக்கும் ஜீவன் அடிபட்டே செத்துப் போகும்.

காலையில் உங்களோடு பந்து விளையாடிய, வருஷா வருஷம் தடுப்பூசி போட்ட நாய் மத்தியானம் இப்படி ஆனால், முதலில் தண்ணீரை நினைத்துப் பாருங்கள். அக்கம்பக்கத்தாருக்கும் எடுத்துச் சொல்லுங்கள். அதேசமயம் அஜாக்கிரதையும் கூடாது. மூளை நெரிபடும் நாய்க்கு எஜமானைக்கூட அடையாளம் தெரியாது, கடித்துவிடலாம். வாய்க்குள் கை விடாதீர்கள். கடித்தாலோ, எச்சில் காயத்தில் பட்டாலோ, ஓடும் தண்ணீரில் சோப்பு போட்டு 15 நிமிஷம் கழுவிவிட்டு உடனே அரசு ஆஸ்பத்திரிக்குப் போங்கள். தடுப்பூசி போடாத நாய், அறியாத நாய் என்றால் கிட்டவே போகாமல் கால்நடை டாக்டருக்குச் சொல்லுங்கள்.

இதையெல்லாம் செய்யவே கூடாது

மேலும் தண்ணீர், குளுக்கோஸ், இளநீர், மோர் எதுவும் ஊற்றாதீர்கள். பிரச்சினையே தண்ணீர் கூடியதுதான்.

'உப்புதானே குறைஞ்சிருக்கு... உப்பைக் கரைச்சு ஊத்தினா சரியாகிடும்' என்று சொந்தமாக வைத்தியம் பார்க்காதீர்கள். உப்பு திடீரென்று ஏறினாலும் மூளைக்குக் கேடு. தள்ளாடும் நாய்க்கு வாயில் ஊற்றுவது நுரையீரலுக்குள் போய்விடும் அபாயமும் இருக்கிறது.

வாந்தி எடுக்க வைக்க விரலை விடுவது, தலைகீழாகத் தூக்கி ஆட்டுவது, வயிற்றை அமுக்குவது எதுவும் வேண்டாம். வலிப்பு வரும்போது வாயில் இரும்பு, கட்டை வைக்காதீர்கள். பக்கத்தில் முட்டாத மாதிரி பொருட்களை நகர்த்திவிட்டு, நாயை ஒருக்களித்துக் கிடக்க விட்டால் போதும்.

உடனே செய்ய வேண்டியது

ஆட்டோ பிடியுங்கள். பக்கத்தில் எந்தக் கால்நடை ஆஸ்பத்திரி திறந்திருக்கிறதோ அங்கே ஓடுங்கள். போகும்போதே போனில் சொல்லிவிட்டால் டாக்டர் தயாராக இருப்பார். "மாட்டாஸ்பத்திரியில நாய் பார்ப்பாங்களா?" என்ற சந்தேகம் வேண்டாம். அரசு கால்நடை மருத்துவமனைகளில் நாய்க்கும் வைத்தியம் பார்க்கிறார்கள். சென்னையில் இருப்பவர்களுக்கு வேப்பேரியில் கால்நடை மருத்துவக் கல்லூரி ஆஸ்பத்திரி இருக்கிறது. 1903-ல் தொடங்கப்பட்ட கல்லூரி அது. நாமக்கல், ஒரத்தநாடு, திருநெல்வேலியிலும் கால்நடை மருத்துவக் கல்லூரிகள் இருக்கின்றன. கால்நடை உதவிக்கான 1962 என்ற கட்டணமில்லா எண்ணிலும் கேட்கலாம். ஆனால் வண்டி வரட்டும் என்று காத்திருந்து நேரத்தைப் போக்கிவிடாதீர்கள்.

டாக்டரிடம் முதல் வார்த்தையாகச் சொல்ல வேண்டியது ஒன்று உண்டு. "இத்தனை மணிக்கு, இவ்வளவு நேரம் தண்ணியில விளையாடுச்சு சார்." இதைச் சொல்லாவிட்டால் டாக்டர் விஷம் தின்றதா, காய்ச்சலா, தலையில் அடியா என்று ஒவ்வொன்றாகத் தேட வேண்டியிருக்கும். சொல்லிவிட்டால் ரத்தத்தில் சோடியம் எவ்வளவு என்று உடனே பார்த்துவிடுவார்.

பிறகு உப்புச்சத்து கூடிய மருந்தை டிரிப்ஸில் அளந்து ஏற்றுவார்கள். மூளை வீக்கம் குறையவும், மூத்திரம் போகவும், வலிப்பு நிற்கவும் மருந்து கொடுப்பார்கள். அடிக்கடி ரத்தம் எடுத்துச் சோதிப்பார்கள். சோடியத்தை அளவுக்கு மீறி வேகமாக ஏற்றினால் மூளை நரம்புகள் கெட்டுவிடும். அதனால்தான் இந்தப் பொறுமை. "ஏன் சார் இவ்வளவு லேட்டு" என்று டாக்டரிடம் சண்டை போடாதீர்கள்.

கடல் தண்ணி தனிக் கதை

மெரினாவுக்கோ பெசன்ட் நகர் பீச்சுக்கோ நாயோடு போகிறவர்கள் கவனிக்க: கடல் தண்ணீரில் நடப்பது இதற்கு நேர்மாறு. ஒரு லிட்டர் கடல் தண்ணீரில் சுமார் 35 கிராம் உப்பு இருக்கிறது. அதை விழுங்கினால் ரத்தத்தில் உப்பு ஏறி, செல்கள் வற்றிச் சுருங்கும். வாந்தி, பேதி, தள்ளாட்டம், வலிப்பு வரும். வெளியே பார்க்க ரெண்டும் ஒரே மாதிரி இருக்கும். வைத்தியம் வேறு வேறு. எனவே ஏரியா, கடலா என்பதையும் டாக்டரிடம் மறக்காமல் சொல்லுங்கள். பீச்சுக்குப் போகும்போது ஒரு பாட்டில் நல்ல தண்ணீர் எடுத்துப் போனால், தாகத்தில் கடல் தண்ணீரைக் குடிக்காது.

வராமல் தடுப்பது ஈசி

* தண்ணீரில் 10 நிமிஷம் விளையாட்டு, அப்புறம் கரையில் 10 நிமிஷம் ஓய்வு. ஓய்வில் மூத்திரம் போக விடுங்கள். கூடின தண்ணீர் அப்படித்தான் வெளியேறும்.
* உருண்டைப் பந்துக்குப் பதில் தட்டையான ரப்பர் தட்டு வீசுங்கள். கவ்வும்போது வாய் அகலமாகத் திறக்காது.
* ஓஸ் பைப் தண்ணீரைக் கடிக்க விடாதீர்கள். குளிப்பாட்டும்போது முகத்தில் பீய்ச்ச வேண்டாம்.
* பிள்ளைகளிடம் நாயை விட்டுவிட்டு நீங்கள் போய்விடாதீர்கள். அவர்களுக்கு நேரம் தெரியாது.
* வீட்டுக்கு வந்த பிறகு சில மணி நேரம் ஒரு கண் வைத்திருங்கள்.

தினமும் குடம் குடமா குடிச்சா...

தண்ணீரில் விளையாடாமலே சில நாய்கள் கிண்ணம் கிண்ணமாகக் குடிக்கும். சாதாரணமாக ஒரு நாய்க்கு நாளைக்கு கிலோவுக்கு 40 முதல் 60 மில்லி வரை தண்ணீர் தேவை. 10 கிலோ நாய்க்கு சுமார் அரை லிட்டர். வெயில் நாளில் கூடும். அளந்து பார்த்ததில் தினமும் கிலோவுக்கு 100 மில்லிக்கு மேல் போனால் அது சர்க்கரை வியாதி, சிறுநீரகக் கோளாறு, பெட்டை நாயாக இருந்தால் கர்ப்பப்பையில் சீழ் என்று வேறு நோயாக இருக்கலாம். தண்ணீரை நிறுத்தாதீர்கள். டாக்டரிடம் காட்டுங்கள்.

இந்தச் செய்தியைப் படித்துவிட்டு, "இனிமே நாய்க்குத் தண்ணியே வேணாம்" என்று யாராவது கிண்ணத்தை எடுத்து வைத்துவிடப் போகிறீர்கள்! அது பெரிய பாவம். வெயில் காலத்தில் தண்ணீர் கிடைக்காமல் சாகும் ஆபத்துதான் நாய்களுக்கு ரொம்ப அதிகம். கிண்ணத்தில் எப்போதும் சுத்தமான தண்ணீர் இருக்கட்டும். வாசலில் தெருநாய்க்கும் ஒரு கிண்ணம் வையுங்கள். தாகத்துக்குத் தானாகக் குடிக்கும் தண்ணீரால் ஆரோக்கியமான நாய்க்கு எந்தக் கெடுதலும் இல்லை.

ஆபத்து விளையாட்டில்தான். நீங்கள் வீச வீச அது ஓடும். மூச்சு வாங்கினாலும், வயிறு உப்பினாலும், "இன்னும் ஒண்ணு வீசு" என்று வாலை ஆட்டிக்கொண்டு வந்து நிற்கும். போதும் என்று அது சொல்லாது. நீங்கள்தான் பந்தைப் பாக்கெட்டில் போட்டுக்கொண்டு வீட்டுக்குக் கூட்டி வர வேண்டும்.